குளியலறைப் பரீட்சை

"கை அலம்பிண்டு வந்துடறேன்" என்று எழுந்த ராஜலக்ஷ்மியின் கையில் ஓர் அழுக்கும் இல்லை. சுப்ரியா நீட்டிய காபியைக்கூட அவள் இன்னும் தொடவில்லை.

பெண் பார்ப்பது என்றால் ராஜலக்ஷ்மிக்குக் குளியலறையைப் பார்ப்பது. கூடத்தில் பட்டுப்புடவையும் சொஜ்ஜியும் யார் வேண்டுமானாலும் காட்டலாம், குளியலறையில் வேஷம் போட முடியாது என்பது அவள் கட்சி. அப்படிப் பார்த்தே மகனுக்கு வந்த மூன்று வரன்களைத் தட்டிக் கழித்திருக்கிறாள்.

இந்த நான்காவது பெண்ணை மகன் கேசவே தேடிக்கொண்டுவிட்டான். கூட வேலை செய்கிறவளாம், பொம்மனஹள்ளியில் மூன்றாவது மாடியில் தனியாக ஃபிளாட் எடுத்து இருக்கிறாளாம். வாரம் முழுக்க சிநேகிதன் ரூமில் இருந்துவிட்டுச் சனிக்கிழமை அல்சூர் வீட்டுக்கு வந்தால், அவன் வாயில் சுப்ரியா புராணம்தான்.

ராஜலக்ஷ்மிக்குப் பொம்மனஹள்ளியும் பிடிக்கவில்லை, தனியாக இருக்கும் பெண்ணும் பிடிக்கவில்லை. ஆனால் வேண்டாம் என்றால் மகன் காரணம் கேட்பான். அந்தக் காரணத்தைத் தேடித்தான் இப்போது நடந்தாள்.

குளியலறைக் கதவு மழை ஈரத்தில் உப்பி இறுகியிருந்தது. தள்ளினாள், அசையவில்லை.

"கீழ ஓரமா ஒரு உதை விடும்மா, திறந்துக்கும்" என்று செல்போனில் எதையோ தட்டிக்கொண்டே கூடத்திலிருந்து குரல் கொடுத்தான் கேசவ்.

உதைத்தாள், திறந்தது. ஒரு கதவைச் சரிபண்ணத் துப்பில்லாதவள் குடித்தனம் பண்ணிக் கிழிக்கப் போகிறாளாக்கும் என்று நினைத்துக்கொண்டே உள்ளே போனாள்.

ஷவர் பக்கத்துக் கம்பியில், உடம்பு தேய்க்கும் சின்னத் துண்டு ஒன்று உதறி விரித்து, இரு முனையிலும் கிளிப் போட்டுக் காய்ந்துகொண்டிருந்தது. நாம் வருகிறோம் என்று தெரிந்து மாட்டியது என்று ராஜலக்ஷ்மி உதட்டைச் சுழித்தாள்.

குழாய்மேல் இருந்தது இன்னொரு துண்டு. பிழியாமல், அலசாமல், உருண்டையாகச் சுருட்டி எறிந்த மேனிக்குக் கிடந்து, புளித்த வாடை அடித்தது. மூக்கைப் பொத்திக்கொண்டாலும் அவளுக்கு உள்ளூர சந்தோஷம் தாங்கவில்லை.

இரண்டே விரலால் அதைத் தூக்கிக்கொண்டு, வழியெல்லாம் சொட்டச் சொட்டக் கூடத்துக்கு வந்தாள்.

"இது என்னடியம்மா?"

சுப்ரியாவின் முகம் வெளுத்தது. கேசவை ஒரு தரம் பார்த்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டாள்.

"பிழிஞ்சு போட மறந்து போயிருக்கும், ஆன்ட்டி."

"மறந்து போயிருக்குமா! குளிச்சா துண்டை அலசிப் பிழிஞ்சு, உதறி, காத்து படறாப்ல விரிக்கணும். ஸ்கூல் போற குழந்தைக்குத் தெரியும். கம்ப்யூட்டர் படிச்ச உனக்குத் தெரியலையோ?"

"சாரி, ஆன்ட்டி."

"உன்னைச் சொல்லி என்ன பண்றது? உன்னைப் பெத்தவளைச் சொல்லணும். பெத்துப் போட்டா போறுமா? ஒரு துண்டை உலர்த்தச் சொல்லிக் கொடுக்கத் துப்பு வேண்டாமா?"

சுப்ரியாவின் கண்ணில் நீர் முட்டியது. குனிந்து, தரையில் சொட்டியிருந்த ஈரத்தைத் துடைத்தாள். இப்போதுதான் ஞானோதயமாக்கும் என்று ராஜலக்ஷ்மிக்கு ஏளனமாக இருந்தது.

"அம்மா, போதும் விடு" என்றான் கேசவ்.

"நீ பேசாதே. என் ஆத்துல வந்து பாரு, ஒரு துணி சுருண்டு கிடக்குமா? எல்லாத்தையும் நானே பார்த்துப் பார்த்து உலர்த்தறேன். இவளைக் கட்டிண்டா உனக்கு உடம்பெல்லாம் சொறிதான். எழுந்துருடா, சும்னே உட்கார்ந்திருக்காதே."

கேசவ் எழுந்தான். ஆனால் வாசல் பக்கம் போகவில்லை, சுப்ரியாவின் பக்கத்தில் போய் நின்றான்.

ராஜலக்ஷ்மிக்கு ஆத்திரம் தலைக்கேறியது. துண்டை அவன் மூக்குக்கு நேராக ஆட்டினாள்.

"நன்னா மோந்து பாரு! இதை இப்படிச் சுருட்டிப் போட்ட ஜென்மத்தை வளர்த்தவ ஒரு பொம்மனாட்டியாடா?"

கேசவ் கையை நீட்டித் துண்டை வாங்கிக்கொண்டான்.

"இது என் துண்டும்மா."