துருக்கிக் கோட்டைக்கு ஒரு டூர்

வியாழக்கிழமை மத்தியானம் அந்த போன் வந்த பிறகு வாசுவுக்குச் சோறு இறங்கவில்லை.

பேசியவர் மீராசா. தோஹாவில் தொழிலாளர் இலாகாவுக்கு எதிரே டீக்கடை வைத்திருப்பவர். அங்கே டீ குடிக்க வரும் இலாகா டிரைவர்கள் பேசிக்கொள்வதைக் காதில் வாங்கி, வாசு மாதிரி மேனேஜர்களுக்குச் சொல்லி உதவுவார்.

"சார், நாளைக்கு உங்க கேம்ப்புக்கு இன்ஸ்பெக்டர் வர்றாராம். வெள்ளிக்கிழமைன்னா யாரும் எதிர்பார்க்க மாட்டாங்கள்ல, அதான் திடீர் செக்கிங்."

வாசு பார்த்துக்கொண்ட கட்டடத் தொழிலாளர் கேம்ப்பில் எட்டுப் பேர் படுக்க வேண்டிய ரூமில் பதினாறு பேர் படுத்திருந்தார்கள். போதாக்குறைக்கு, சைட்டில் அவசரம் என்று சொல்லி நான்கு மாதமாக யாருக்கும் வெள்ளிக்கிழமை லீவும் கிடையாது. இதெல்லாம் வெளியே தெரிந்தால் கம்பெனிக்குப் பூட்டுதான். முதலாளி எப்படியாவது தப்பித்துக்கொள்வார். வாசுதான் ஷியாமளாவையும் குழந்தையையும் கூட்டிக்கொண்டு சென்னைக்கு மூட்டை கட்ட வேண்டும்.

ஆக, இன்ஸ்பெக்டர் வரும்போது பாதிப் பேர் கேம்ப்பில் இருக்கக் கூடாது. மீதிப் பேர் லீவு நாளை அனுபவிப்பவர்கள் போல் காலாட்டிக்கொண்டு படுத்திருக்க வேண்டும். சரி, அந்தப் பாதிப் பேரை எங்கே ஒளிப்பது? போன தடவை பாதி கட்டிய கட்டடம் ஒன்றில் அடைத்துவைக்க, ரோந்து போலீஸ் பார்த்துவிட்டுக் கேள்வி மேல் கேள்வி கேட்டுப் பெரிய தலைவலியாகிவிட்டது.

யோசித்து யோசித்து, கடைசியில் வாசுவே தன் மூளையை மெச்சிக்கொள்ளும்படி ஒரு வழி கிடைத்தது. டூரிஸ்டுகளை யார் சந்தேகப்படப் போகிறார்கள்?

வெள்ளிக்கிழமை காலையில் கேம்ப் வாசலில் ஒரு பெரிய பஸ் நின்றது. ஆளுக்கொரு புதுத் தொப்பி, தண்ணீர் பாட்டில், பிரியாணிப் பொட்டலம். தோஹாவின் நஜ்மா பகுதியிலிருந்து கலீலுர் ரஹ்மான் என்று ஒரு டூர் கைடுகூட நேராகத் துருக்கிக் கோட்டைக்கு வந்துவிடுவதாக ஏற்பாடு.

"யார் கேட்டாலும் டூரிஸ்ட்னு சொல்லணும். கேம்ப், சைட், டூட்டிங்கிற வார்த்தையே வாயில வரக் கூடாது. புரியுதா?" என்றார் வாசு.

எல்லோரும் நல்ல பிள்ளைகளாகத் தலையாட்டினார்கள். வாசு மட்டும் வீரபாண்டியின் பக்கத்து சீட்டில் ஒட்டிக்கொண்டார். வீரபாண்டி கம்பி கட்டுகிறவன். புதன்கிழமைதான் ஆபீசுக்கு வந்து, "ஒரு வெள்ளிக்கிழமையாவது லீவு குடுங்க சார், உடம்பு தாங்கலை" என்று கேட்டுத் திட்டு வாங்கிப் போயிருந்தான். காட்டிக்கொடுப்பதென்றால் இவன்தான் காட்டிக்கொடுப்பான் என்று வாசுவுக்குத் தோன்றியது.

கோட்டை ஊருக்கு வெளியே இருந்தது. அங்கே காத்திருந்த கைடு உற்சாகமாக ஆரம்பித்தார்.

"நூறு வருஷத்துக்கும் மேல முன்னாடி இங்க துருக்கிப் படைக்கும் ஊர்க்காரங்களுக்கும் சண்டை. ஊர்க்காரங்க தண்ணியை மறிச்சதும் துருக்கிக்காரங்க ஆடிப்போயிட்டாங்க."

"நமக்கு வாரத்துல ரெண்டு நாள் தண்ணி வராது. நாம ஆடவா செய்றோம்?" என்றான் கூட்டத்தில் நின்ற சோலைமுத்து. வாசு அவனை முறைத்தார்.

கைடு ஓர் அறையைக் காட்டினார். "இந்தச் சின்ன ரூம்ல பத்துச் சிப்பாய்க படுத்திருப்பாங்க. எவ்வளவு நெருக்கடி பாருங்க."

சோலைமுத்து உள்ளே எட்டிப் பார்த்தான். "பத்தே பேரா? நல்லாக் காலை நீட்டிப் படுத்திருக்கானுவ."

"நீங்கள்லாம் எங்க தங்கியிருக்கீங்க?" என்று கைடு கேட்டார்.

"ஹோட்டல்ல," என்று முந்திக்கொண்டார் வாசு. பின்னால் யாரோ இருமுவது போல் சிரித்தார்கள்.

அவர் திரும்பிப் பார்த்தபோது வீரபாண்டியைக் காணோம்.

வாசு வெளியே ஓடிவந்தார். கோட்டை வாசலில் காவலுக்கு நின்ற போலீஸ்காரரிடம் வீரபாண்டி கையை ஆட்டி ஆட்டி ஹிந்தியில் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தான். போலீஸ்காரரும் தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டுக்கொண்டிருந்தார். போச்சு, எல்லாம் போச்சு என்று நினைத்தபடி வாசு மணலில் விழுந்து எழுந்து ஓடினார்.

"நீதான் மேனேஜரா?" என்றார் போலீஸ்காரர் ஹிந்தியில்.

வாசு அவசரமாகச் சட்டையிலிருந்த மணலைத் தட்டினார்.

"எல்லாரையும் சேர்த்து ஒரு போட்டோ எடுத்துக் குடுங்கன்னு கேட்டேன் சார்," என்றான் வீரபாண்டி. "நீங்களும் வந்து நடுவுல நில்லுங்க."

வாசு நடுவில் நின்று, பல் பிடுங்கிக்கொள்ள உட்கார்ந்தவர் மாதிரி சிரித்தார்.

அதன் பிறகு அவர் வீரபாண்டியின் சட்டையை விடவே இல்லை. பொழுது சாயும்வரை கோட்டை, பீரங்கி, கடைவீதி என்று எல்லாம் பார்த்தார்கள். பிரியாணி சாப்பிட்டு, ஒரு மர நிழலில் ஆசைதீரத் தூங்கினார்கள். பஸ் ஏறும் நேரத்தில் வாசு கேம்ப் வாட்ச்மேன் கார்மேகத்துக்கு போன் போட்டார்.

"இன்ஸ்பெக்டர் வந்தாரா?"

"ஈ காக்கா வரலை சார். பசங்க பூரா காலையிலேர்ந்து ஒரே தூக்கம்."

இன்ஸ்பெக்டருக்கு வேறு ஏதாவது வேலை வந்திருக்கும் என்று வாசு நினைத்துக்கொண்டார். எப்படியோ, ஆபத்து விலகியது. இனி வீரபாண்டிக்குக் காவல் எதற்கு? முன் சீட்டுக்குப் போய்ச் சாய்ந்தவர், பஸ் நகர்வதற்குள் குறட்டை விட ஆரம்பித்தார்.

கடைசி சீட்டில் வீரபாண்டி போனை எடுத்தான்.

"மீராசா பாய், கேம்ப்ல தங்குன பசங்க அடுத்த வெள்ளிக்கிழமை தங்களைக் கடலுக்குக் கூட்டிட்டுப் போகணும்ங்கிறாங்க, வியாழக்கிழமை மத்தியானம் வாசு சாருக்கு அதே மாதிரி ஒரு போனைப் போட்டுவிடுங்க."