வோக்லேரின் வகுப்பறை

பாரிஸ் ஓவியக் கண்காட்சியில் முதல் பரிசு வாங்கிய படத்தின் முன்னால் பேராசிரியர் வோக்லேர் நெஞ்சை நிமிர்த்தி நின்றார். படத்தில் இருந்தது அவருடைய வகுப்பறைதான். தூரிகையும் கையுமாக முப்பது மாணவர்கள் முறைத்துப் பார்க்க, நடுவில் அவர். கீழே ‘செ. பெரோ’ என்று கையெழுத்து.

“நம்ம பசங்கள்ல எவனோதான் வரைஞ்சிருக்கான். யாருப்பா இந்த பெரோ?”

“நான்தான் ஐயா,” என்றாள் பக்கத்தில் நின்ற செலின்.

வோக்லேர் சிரித்தார். “நிர்வாண உருவம் வரையற வகுப்பும்மா அது. பொம்பளைங்களைச் சேர்க்கிறதே இல்ல.”

“தெரியும். மூணு தடவை கடுதாசி போட்டேன். மூணு தடவையும் திருப்பி அனுப்புனீங்க.”

“அப்புறம் எங்கே கத்துக்கிட்டே?”

“உங்ககிட்டதான். தோள் தப்பு, இடுப்பு தப்புன்னு நீங்க உங்க பசங்களைத் திருத்துனதை ஆறு வருஷம் கேட்டேன்.”

“பொய். உன்னை நான் பார்த்ததே இல்ல.”

“படத்தைப் பாருங்க ஐயா. முப்பது பேர் முகமும் நேரா தெரியுது. எங்கே நின்னா அப்படித் தெரியும்?”

வோக்லேர் பார்த்தார். அந்த அறையில் அப்படி ஓர் இடம்தான் உண்டு. மாடல் நிற்கும் மேடை.

“ஆறு வருஷம் துணியில்லாம உங்க முன்னாடி நின்னேன்,” என்றாள் செலின். “ஒரு நாளாவது முகத்தைப் பார்த்திருந்தா, இப்ப அடையாளம் தெரிஞ்சிருக்கும்.”