பழுதில்லாத படம்

"ஏலே பெவின், கேமராவ அங்கனயா வைப்பாவ? சூரியன் நேரா லென்சுலல்லா அடிக்கி. கொண்டா இங்கன."

சுடலைராஜ் கேட்டு வாங்கவில்லை, அந்தச் சின்னப் பையன் கையிலிருந்து பிடுங்கினார். முப்பத்திரண்டு வருஷம் டி.வி.க்கும் டாக்குமெண்டரிக்கும் கேமரா பிடித்த கை. கப்பல், உப்பளம், புயல், கலவரம், ஆமை முட்டை வரை எடுத்தாயிற்று. அப்போதெல்லாம் வராத பயம், இந்த ஒரு படம் பழுதில்லாமல் வரவேண்டுமே என்று காலையிலிருந்து அவரை விடவில்லை.

தருவைகுளம் கரையில் படகுகள் வந்து ஒதுங்கும் நேரம். மஞ்சள் வெயில் இன்னும் இருபது நிமிஷம் தாங்கும். நாளைக் காலையில் ஒளிபரப்பு. இன்று விட்டால் கிடையாது. தயாரிப்பாளர் ரம்யா தூரத்தில் நின்று, சென்னை ஆபீசைப் போனில் சமாளித்துக்கொண்டிருந்தாள்.

சுடலைராஜின் போனும் அடித்தது. மனைவி இசக்கிச்செல்வி.

"முடிஞ்சுதா? நாளைக்குத் தெருவே நம்ம வீட்டுக்கு டி.வி. பாக்க வாரோம்ங்கு. மானத்த வாங்கிராதிய."

"போன வைளா. வெயிலு போவுது."

"அண்ணாச்சி, நீங்க அங்கன போங்க. கேமராவ நான் பாத்துக்கிடுதேன்" என்றான் பெவின்.

"நீ பாத்துக்கிட்டா வெளங்கிரும்! தள்ளுலே."

சட்டைக் காலரில் குத்தியிருந்த மைக் மணலில் உரச, குப்புறப் படுத்து எடுத்தார். வலையை உதறும் கை, தெறிக்கும் தண்ணீர், ஒவ்வொரு துளிக்குள்ளும் ஒரு குட்டிச் சூரியன். படகில் ஏறி எடுத்தார். இடுப்பளவு தண்ணீரில் இறங்கி எடுத்தார். குறுக்கே வந்து ஏதோ சொல்லப் பார்த்த பெவினை மூன்று முறை விரட்டினார்.

வெயில் அணைந்தது. மொத்தம் இருபத்தோரு ஷாட். ஒன்றில்கூட ஆட்டம் கிடையாது.

ரம்யா ஓடிவந்து எல்லாவற்றையும் ஓட்டிப் பார்த்தாள். முதலில் அவள் முகம் மலர்ந்தது. பிறகு யோசித்தது. பிறகு, திரும்ப முதலிலிருந்து ஓட்டிப் பார்த்தாள்.

"எப்படி?" என்றார் சுடலைராஜ், ஈரப் பேண்ட்டைப் பிழிந்தபடி. "ஒரே ஒரு பழுது சொல்லு பாப்போம்."

"உங்க வாழ்க்கையப் பத்தி எடுக்க வந்த படத்துல, நீங்க எங்க அண்ணாச்சி?"