மிஞ்சிய சுருள்

முதலாளி எடுத்த முதல் ஊமைப் படம் ஒருவழியாக முடிந்தது. திரையில் போட்டுப் பார்த்ததும் அவருக்குத் தலை சுற்றியது.

ராணி வேடம் போட்ட பயில்வான் மீசையை எடுக்க மாட்டேன் என்று அடம்பிடித்ததால், ராணி படம் முழுக்க முந்தானையால் வாயை மூடிக்கொண்டே திரிந்தாள். ராஜா செத்து விழும் இடத்தில் முதலாளியின் மனைவியே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். இத்தனைக்கும் அவளுடைய அப்பாவின் வீட்டை அடமானம் வைத்து எடுத்த படம் அது.

வெளியிட்டால் மானம் போகும். வெளியிடாவிட்டால் மாமனாரின் வீடு போகும். நல்ல வேளையாக, படச்சுருள்களைத் தீ விபத்துக்கு இன்சூர் செய்திருந்தார்.

சனிக்கிழமை உச்சி வெயிலில் எல்லோரையும் சாப்பிட அனுப்பினார். கேமராக்காரனான மைத்துனனை மட்டும் தனியாகக் கூப்பிட்டு, "வெயில்ல நின்னு நின்னு கறுத்துட்டே மாப்ளே, வீட்டுக்குப் போய்ப் படு" என்று கரிசனமாகத் துரத்தினார். அவன் சூதுவாது தெரியாதவன். அத்தான் சொன்னால் கிணற்றிலும் குதிப்பான்.

பத்தே நிமிஷத்தில் சுருள்கள் இருந்த கிடங்கு சாம்பலானது.

மூன்றாம் நாள் இன்சூரன்ஸ்காரர் வந்து குடைக்கம்பால் சாம்பலைக் கிளறினார். முதலாளி அழுதார். அவர் படத்தில் நடித்த யாருக்கும் அவ்வளவு நன்றாக அழ வரவில்லை.

"பக்கத்துல அடுப்பு, பீடி ஏதாவது?"

"ஒண்ணுமில்ல சார். இந்த வெயிலுக்கு ஃபிலிம் தானாவே பத்திக்கும்."

"சரி. ஒரு சுருள்கூட மிஞ்சலைன்னு எழுதிக் கையெழுத்துப் போடுங்க."

முதலாளி பேனாவைத் திறந்த நேரம் பார்த்து, தகர டப்பாவோடு ஓடி வந்தான் மைத்துனன்.

"மறந்துட்டீங்களா அத்தான், ஒரு சுருள் இருக்கே."

முதலாளிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இந்த உத்தமனை இப்போது யார் கூப்பிட்டது?

"அது எதுக்கும் உதவாதுடா. உள்ளே கொண்டு போ."

"பரவாயில்ல, அதுக்கு மட்டும் கழிச்சுக்கலாம்" என்றார் இன்சூரன்ஸ்காரர்.

முதலாளிக்கு மூச்சு வந்தது. ஒரு சுருள் போனால் போகட்டும், மாமனாரின் வீடு தப்பிவிடும்.

"எந்தக் காட்சி தம்பி அது?"

மைத்துனனின் முகமெல்லாம் பெருமை.

"சனிக்கிழமை மத்தியானம் எடுத்தது சார். கேமராவைத் தூக்கிட்டுப் போற வழியில திரும்பிப் பார்த்தேன், அவ்வளவு அருமையான வெளிச்சம், விட மனசு வரல. நேத்துதான் கழுவிப் பார்த்தேன்.

அத்தான் தீக்குச்சியைக் கிழிச்சுக் கிடங்குக்குள்ள போடறாரு பாருங்க, ஒரே தடவையில என்னமா நடிச்சிருக்காரு!"