பதினேழாம் பக்கம்

காரைவிட்டு இறங்கியதும் தனசேகரன் பார்த்தது கூட்டத்தைத்தான். பார்த்ததும் அவருக்குத் தலைகால் புரியவில்லை.

செஞ்சியிலிருந்து அவலூர்பேட்டை போகும் சாலையில், பழைய நெல் குடோன் ஒன்றில் நடந்துவந்தது அந்தச் சின்ன உயிரித் தொழில்நுட்பக் கம்பெனி. வாசலில் நாற்பது விவசாயிகள் உட்கார்ந்திருந்தார்கள். அவர் இதுவரை முதல் போட்ட எந்தக் கம்பெனி வாசலிலும் ஒரு நாய்கூடக் காத்திருந்ததில்லை.

"நீங்கதான் ஓனரா?" என்று எழுந்து வந்தார் பாண்டுரங்கன் என்ற பெரியவர்.

"இன்னும் ஒரு மணி நேரத்துல ஆயிடுவேன்," என்று சிரித்தார் தனசேகரன்.

"அப்டின்னா குந்தியிருக்கறோம். உங்களப் பாக்காம போகமாட்டோம்," என்று சொல்லிவிட்டுப் பெரியவர் மறுபடி போய் உட்கார்ந்துகொண்டார்.

தனசேகரனின் கதை பத்திரிகைகளில் நிறைய வந்திருக்கிறது. முப்பது வயதில் நொதி தயாரிக்கும் கம்பெனி தொடங்கினார், விற்றார். பிறகு அடுத்தவர் கம்பெனிகளில் முதல் போடுகிறவர் ஆனார். தொலைநோக்குள்ளவர் என்று எழுதினார்கள். பத்திரிகைக்காரர்கள் எழுதாத விஷயம், அவருடைய ஒப்பந்தத்தின் பதினேழாம் பக்கம். அங்கே பொடி எழுத்தில் ஒரு வரி இருக்கும்: 'இந்தக் கண்டுபிடிப்பு, தயாரான முதல் சொட்டிலிருந்தே முதலீட்டாளருக்குச் சொந்தம்.' கோயம்புத்தூரில் ஒரு பேராசிரியரும், ஓசூரில் ஒரு கணவன் மனைவியும் அதைப் படிக்காமல் கையெழுத்துப் போட்டுவிட்டு, தாங்கள் கண்டுபிடித்ததையே இன்று கடையில் காசு கொடுத்து வாங்குகிறார்கள்.

இப்போது மணிமொழியின் முறை. நுண்ணுயிரியல் படித்த செஞ்சிப் பெண். நீல டிரம்களில் ஒரு பாக்டீரியாக் கரைசலை வளர்த்து, ஊர்க்காரர்களின் மல்லாட்டைக்கு ஊற்றக் கொடுத்திருந்தாள். அந்த வட்டாரத்தில் வேர்க்கடலைக்கு மல்லாட்டை என்றுதான் பெயர்.

குடோனுக்குப் பின்னால் இருந்த நிலத்துக்கு அவரை அழைத்துப் போனாள். வேர்க்கடலைச் செடி சாதாரணமாக முழங்காலைத் தாண்டாது. அங்கே இடுப்பு உயரத்துக்குக் கருகருவென்று நின்றது. தனசேகரன் செடிகளுக்கு நடுவில் இறங்கிப் பத்து செல்ஃபி எடுத்தார். ஒரு இலையைக் கிள்ளிக் கன்னத்தில் வைத்துக்கொண்டார்.

"இப்டி ஒரு பயிர இந்த ஊர்ல யாருமே பாத்தது இல்ல சார்," என்றாள் மணிமொழி.

"வெளிய இருக்கறவங்க எல்லாரும் உங்க மருந்தத்தான் ஊத்தினாங்களா?"

"நாப்பது பேரும் சார். காலையிலேருந்து எனக்கு ஒரே டென்ஷன். என் ஒருத்தியால சமாளிக்க முடியல."

தனசேகரனுக்கு இறக்கை முளைத்தது. சின்ன ஊர், விவரம் தெரியாத பெண், வாசலில் வந்து விழுகிற வியாபாரம். கரும்பு தின்னக் கூலியா!

குடோனுக்குள் மேஜையில் ஒப்பந்தத்தை விரித்தார். மொத்தம் இருபத்தாறு பக்கம். மணிமொழி ஒவ்வொன்றாகப் புரட்டினாள். பதினேழில் அவள் விரல் நின்றது. தனசேகரன் அவசரமாகப் பேனாவைத் திறந்து நீட்டினார்.

"இது இன்னா சார், இவ்ளோ பொடி எழுத்து?"

"எல்லாம் வழக்கமா போடறதுதாம்மா. வக்கீலுங்களுக்கு வேற வேலை இல்ல."

"சரி சார்." பக்கத்துக்குப் பக்கம் கையெழுத்துப் போட்டுக்கொண்டே வந்தவள், கடைசிப் பக்கத்தில் பேனாவை நிறுத்தினாள். கண் கலங்கியிருந்தது.

"ஒண்ணே ஒண்ணு சார். வெளிய இருக்கறவங்க என்ன நம்புனவங்க. அவங்கள நீங்க கைவிடக் கூடாது. அத மட்டும் எழுதிக் குடுங்க. இல்லன்னா இந்த ஊர்ல நான் தல நிமிந்து நடக்க முடியாது."

தனசேகரன் சிரிப்பை அடக்கப் படாதபாடு பட்டார். வீட்டையே எழுதிக் கொடுத்துவிட்டு, வாசல் துளசிக்குத் தண்ணீர் ஊற்றச் சொல்கிறாளே! தன் கைப்படவே எழுதினார்: 'இந்த நாற்பது விவசாயிகளுக்கும் முழுப் பொறுப்பு நானே.' கீழே தாராளமாக ஒரு கையெழுத்தும் போட்டார். மணிமொழியும் போட்டாள்.

அதற்குமேல் அவரால் உள்ளே இருக்க முடியவில்லை. வெளியே ஓடிவந்து, கவிழ்த்து வைத்திருந்த ஒரு டிரம்மின் மேல் ஏறி நின்றார்.

"நான்தான் ஓனர்!" என்று கத்தினார். "இன்னிக்கு இல்ல, முதல் சொட்டுலேருந்தே நான்தான்! இனிமே எதுவா இருந்தாலும் அந்தப் பொண்ணத் தொந்தரவு பண்ணாதீங்க, என்னக் கேளுங்க!"

திரும்பிப் பார்த்தார். மணிமொழி துப்பட்டாவால் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள். பாவம், இப்போதுதான் புரிந்திருக்கிறது என்று நினைத்துக்கொண்டார்.

கூட்டம் மொத்தமாக எழுந்தது. யாரோ ஒருவர் டிராக்டரைக் கொண்டுவந்து அவர் காருக்குக் குறுக்கே நிறுத்தினார். சரிதான், ஊர்வலம் கிளப்பப் போகிறார்கள்! பாண்டுரங்கன் கிட்டே வந்ததும், மாலை விழும் என்று தனசேகரன் குனிந்து கழுத்தை நீட்டினார்.

பெரியவர் அவர் கையை ஆசையாகப் பிடித்துக்கொண்டார்.

"புடுங்கிப் பாத்தா நாப்பது பேரு கொல்லையிலயும் மண்ணுக்குள்ள ஒத்தக் காய் இல்ல சார், நஷ்டத்துக்குப் பதில் சொல்ல ஒரு ஓனரு வருவாருன்னு மணிமொழி மூணு நாளா சொன்னப்ப, நாங்க நம்பவே இல்ல!"