வெட்டிய படம்

"இன்னைக்கும் சின்னதுதானா, பெரியம்மா?"

புதிதாக டிக்கெட் கொடுக்க வந்திருந்த நிங் சலித்துக்கொண்டாள்.

யாங்ட்சே நதிப் போரைப் பற்றிய படம். ஓர் அரங்கில் இரண்டு பாகமும் சேர்ந்த முழுப் படம். பக்கத்து அரங்கில், வெளிநாட்டுக்காரர்களுக்காகப் பாதியாக வெட்டியது. லுவோ அம்மாள் தினமும் வெட்டியதற்கே வருவாள்.

"நம்மாளுங்க யாராவது இதைப் பார்ப்பாங்களா? முழுசைப் பாருங்க. அதுலதான் உங்க பையன் நிறைய வர்றான்."

"முதல் நாளே பார்த்துட்டேம்மா."

"இதுல என்ன இருக்கு? படகு ஓரத்துல ஈட்டியோட நிக்கிறான். உடனே வெட்டிட்டாங்க."

"அது போதும்."

"பெத்த புள்ளையைப் பார்க்கறதுல இவ்ளோ கஞ்சத்தனமா! அதுல அம்பு பட்டு ஆத்துல விழுவான் பாருங்க, அசல் நிஜம் மாதிரியே இருக்கும். எல்லாரும் கைதட்டுறாங்க!"

லுவோ அம்மாள் கையிலிருந்த சூரியகாந்தி விதைப் பொட்டலத்தை இறுக்கிப் பிடித்தாள்.

"நிஜம்தாம்மா. ஷூட்டிங்ல அன்னைக்கு விழுந்தவன் மேல வரவே இல்லை."

நிங்கின் கையில் டிக்கெட் அப்படியே நின்றது. லுவோ அம்மாள் அதை மெல்ல உருவிக்கொண்டாள்.

"வெட்டினவங்க நல்லா இருக்கணும். இதுல என் புள்ள இன்னும் நின்னுக்கிட்டே இருக்கான்."