அதே மெட்டு

கச்சேரிக்குப் போகக் கார் வந்து வாசலில் நின்றது. பாடகியோ உள்ளறையில் இன்னும் பாடம் நடத்திக்கொண்டிருந்தாள். கூடத்தில் அவள் கணவருக்கு இருப்புக் கொள்ளவில்லை.

மூன்று மாதமாக அதே நடுவயது மாணவர், அதே ஒரு வரி. சாத்திய கதவுக்கு வெளியே மெட்டு மட்டும்தான் கேட்கும். யார் என்ன என்று கேட்டால், "கத்துக்கட்டுமேங்க" என்று முடித்துவிடுவாள்.

எதிரே உட்கார்ந்திருந்த மாணவரின் மனைவியிடம் கணவர் கேட்டேவிட்டார்.

"தப்பா எடுத்துக்காதீங்கம்மா. எத்தனையோ பேர் இவகிட்ட பாட்டுக் கத்துக்கக் காத்துக் கிடக்கிறாங்க. உங்க வீட்டுக்காரர் எப்ப மேடை ஏறப் போறாரு?"

"மேடைக்கெல்லாம் இல்லீங்க," என்று அந்த அம்மாள் தலைகுனிந்தாள்.

கதவு திறந்தது. மாணவர் மெதுவாக நடந்து வந்து மனைவியின் முன்னால் நின்றார். இடது கையால் தொடையில் தாளம் தட்டிக்கொண்டே, அதே மெட்டில் பாடினார்.

"நீ... சாப்... டி... யா?"

அந்த அம்மாள் எழுந்து அவர் கையை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

"பக்கவாதம் வந்ததிலேருந்து ரெண்டு வருஷமா ஒரு வார்த்தை பேசலைங்க," என்றாள் அவர் பின்னாலேயே வந்த பாடகி. "பேச்சு போனாலும் சிலருக்குப் பாட்டு தங்கும்னு டாக்டர்தான் அனுப்பி வச்சாரு."

பாடகியின் கணவர் அவள் பக்கம் திரும்பினார். "நல்ல வரியாப் பாத்துத்தான் சொல்லிக்குடுத்திருக்கே."

எந்த மேடையிலும் நடுங்காத அவள் குரல் நடுங்கியது.

"நான் சொல்லிக்குடுத்தது 'தண்ணி வேணும்'ங்க. இது அவரோடது."